க்ஷேத்திரம் என்றால் என்ன?

உபன்யாசங்களில் அடிக்கடி கேட்டிருப்பீர்கள்: குருக்ஷேத்திரம் வேறெங்கும் இல்லை, நம் உடம்புதான். கண் தெரியாத திருதராட்டிரன் மனம், கௌரவர் நூறு பேரும் அது பெற்ற ஆசைகள். கீதைக்கு உரை எழுதிய யோகி பரமஹம்ச யோகானந்தர் இன்னும் நுணுக்கமாகப் போய், பாண்டவர் ஐவரையும் முதுகுத்தண்டில் ஏற்றி வைக்கிறார். அங்குள்ள சக்கரங்கள் எனப்படும் சக்தி மையங்களில், அடியில் மூலாதாரத்தில் சகாதேவன், அதற்கு மேல் நகுலன், தொப்புள் மட்டத்தில் அர்ச்சுனன், நெஞ்சில் பீமன், தொண்டையில் தருமன். நிலம், நீர், தீ, காற்று, வான் என்று பூதங்களும் அதே வரிசையில் ஏறுகின்றன.

இத்தனைக்கும் சாவி க்ஷேத்திரம் என்ற ஒரே சொல். ‘க்ஷி’ என்ற வேருக்குக் குடியிருத்தல் என்று பொருள். அதிலிருந்து குடியிருக்கும் நிலம், உழுகிற வயல், அப்புறம் புனிதத் தலம். தமிழில் சேத்திரம் என்றும் எழுதுவதுண்டு.

கீதையின் 13ஆம் அத்தியாயத்தில் கண்ணன், ‘இந்த உடம்பே க்ஷேத்திரம்’ என்று நேராகவே சொல்லிவிடுகிறான். அதில் என்னென்ன உண்டு என்று எண்ணியும் காட்டுகிறான்: பூதங்கள் 5, அகங்காரம், புத்தி, அவ்யக்தம் என்கிற வெளிப்படாத மூலப்பொருள், அறியும் பொறிகளும் செய்யும் பொறிகளுமாக இந்திரியங்கள் 10, மனம், புலன் நுகரும் பொருள்கள் 5. ஆக 24. இந்தப் பட்டியலில் சகாதேவனும் இல்லை, மூலாதாரமும் இல்லை. உடம்பு வயல் என்பது மூலத்தின் வாக்கு. யார் எந்தச் சக்கரம் என்பது உரை சொல்பவரின் பார்வை. இரண்டையும் ஒன்றாக்கிவிடக் கூடாது.

சரி, தமிழில் என்ன சொல்லலாம்? களம் என்றால் போரும் நெல்லடிப்பும்தான் நினைவுக்கு வரும். வயல் உழவோடு நின்றுவிடும். என் தேர்வு, புலம். விருந்தோம்புகிறவனின் நிலத்தை வள்ளுவர் ‘மிசைவான் புலம்’ என்கிறார் (குறள் 85). அவரே ‘அடல்வேண்டும் ஐந்தன் புலத்தை’ என்னும்போது (343) ஐம்பொறிகள் மேயும் இடம் அது. புலம்பெயர்ந்தோர் என்று இன்றும் நாம் எழுதுவது அந்த நிலத்தை வைத்துத்தான். வடமொழியில் கண்ணன் விளக்கிச் சொல்ல வேண்டியிருந்த இரட்டைப் பொருள் தமிழில் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது.

ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் காஷ்மீரத்துச் சைவ ஞானி அபிநவகுப்தர், குருக்ஷேத்திரத்துக்குச் சிலர் கொள்ளும் மாற்றுப் பொருள் ஒன்றைத் தம் கீதை உரையில் குறித்து வைத்தார். அந்தப் பெயரில் வரும் ‘குரு’ என்பது இந்திரியங்கள், அவற்றின் க்ஷேத்திரம் உடம்பு. அதைத் தமிழாக்க இரண்டே சொல் போதும்: புலன்களின் புலம்.