வீடு மறுக்கப்பட்டதா? முதலில் அந்த அறிக்கையைக் கேளுங்கள்

அமெரிக்காவில் வாடகைதாரர்களுக்கு ஆலோசனை சொல்வது என் வேலை. ஒரு நாள் தமிழ் இளைஞர் ஒருவர் கடிதத்தோடு வந்தார். நல்ல வேலை, வாடகை பாக்கி வைத்ததே இல்லை. இருந்தும் பின்னணிச் சரிபார்ப்பைக் காரணம் காட்டி வீடு தர மறுத்துவிட்டார்கள். தான் ஏதோ தவறு செய்துவிட்டதாகவே அவர் நம்பியிருந்தார். வாடகைக்குக் கேட்பவரின் கடன், வழக்கு, வாடகை வரலாற்றைத் தொகுத்து ஒரு நிறுவனம் வீட்டு உரிமையாளருக்குத் தரும் அறிக்கை அது. அதை வரவழைத்துப் பார்த்தோம். அவர் கால் வைத்தே இராத மாநிலத்தில் அவர் பெயரில், வாடகைதாரரை வீட்டைவிட்டு வெளியேற்றக் கோரும் ஒரு வழக்கு! பெயர் மட்டும் ஒத்துப்போன வேறு யாரோ ஒருவருடையது அது.

நம்மவர்களுக்கு இந்த ஆபத்து கூடுதல். தந்தை பெயர் குடும்பப் பெயராகிவிடுகிறது. ஓர் ஆவணத்தில் இனிஷியல், இன்னொன்றில் முழுப்பெயர். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் இல்லாதவர்களுக்கு விசாவில் முதற்பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ‘எஃப்என்யூ’ (முதற்பெயர் தெரியவில்லை என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்று அச்சாகிறது. எனவே விண்ணப்பத்தில் பெயரையும் பிறந்த தேதியையும் அடையாள ஆவணத்தில் உள்ளபடியே எழுதுங்கள்.

வீடு மறுக்கப்பட்டதாக வரும் கடிதத்தைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள். ‘அட்வர்ஸ் ஆக்‌ஷன் நோட்டீஸ்’ (பாதக முடிவு அறிவிப்பு) எனப்படும் அதை, அறிக்கையைக் காட்டி மறுக்கும் உரிமையாளர் தர வேண்டும் என்பது 1970ஆம் ஆண்டின் நியாயமான கடன் அறிக்கைச் சட்டம் விதித்த கடமை. அறிக்கை தந்த நிறுவனத்தின் பெயரும் முகவரியும் அதில் இருக்க வேண்டும். 60 நாட்களுக்குள் கேட்டால் அறிக்கையின் நகல் இலவசம். வாய்மொழியாகச் சொன்னாலும் சட்டப்படி செல்லும் என்பதால், எழுத்தில் தரச் சொல்லுங்கள். பலருக்குத் தெரியாத ஒன்று: வீட்டைக் கொடுத்துவிட்டு, அறிக்கையைக் காட்டிக் கூடுதல் டெபாசிட்டோ ஜாமீன் கையெழுத்தோ கேட்டாலும் இதே உரிமை உண்டு.

வழக்குத் தொடரப்பட்டது வேறு, தீர்ப்பு வேறு. வீட்டு உரிமையாளர் தொடுத்து, பிறகு தள்ளுபடியான வழக்கும் ஏழு ஆண்டுகள் வரை அறிக்கையில் தலைகாட்டலாம். தள்ளுபடி என்ற குறிப்பு மட்டும் விடுபட்டிருக்கும். எனக்கு மிகுந்த கோபம் வருவது இதில்தான். 2023 அக்டோபரில், வெளியேற்ற வழக்குகளைத் துல்லியமாகக் காட்டவில்லை என்ற குற்றச்சாட்டில், இத்தகைய அறிக்கைகளைத் தரும் டிரான்ஸ்யூனியன் நிறுவனம் 1.5 கோடி டாலர் செலுத்த ஒப்புக்கொண்டது. ஒரே வழக்கைப் பல வழக்குகள்போலக் காட்டியதும் அந்தக் குற்றச்சாட்டுகளில் ஒன்று.

பிழை இருந்தால் அறிக்கை தந்த நிறுவனத்துக்கே எழுத்தில் ஆட்சேபம் அனுப்புங்கள். நீதிமன்ற உத்தரவு, வாடகை கட்டிய வங்கிக் கணக்கு விவரம் ஆகியவற்றின் நகல்களை இணையுங்கள். பொதுவாக 30 நாட்களுக்குள் அவர்கள் விசாரித்தாக வேண்டும். வீட்டு உரிமையாளருக்கும் ஒரு வரி எழுதிவிடுங்கள்.

புதிதாக வந்தவர்களின் அறிக்கை வெறுமையாக இருக்கும். அது கெட்ட பதிவு அல்ல. வேலை நியமனக் கடிதமும் முந்தைய வீட்டு உரிமையாளரின் கடிதமும் பெரும்பாலும் கைகொடுக்கின்றன.

அந்த இளைஞரின் அறிக்கை மூன்று வாரத்தில் திருத்தப்பட்டது. வீடோ அதற்குள் வேறொருவருக்குப் போய்விட்டது. ஆட்சேபம் முடியும்வரை வீட்டை நிறுத்திவைக்கும்படி அந்தச் சட்டம் எந்த உரிமையாளரையும் கட்டாயப்படுத்துவதில்லை. நாடு தழுவிய அளவில் வாடகை வரலாற்றைத் தொகுக்கும் நிறுவனங்களிடம் 12 மாதத்துக்கு ஒருமுறை இலவச நகல் கேட்கலாம். வீடு மாற நினைத்தால், இரண்டு மாதம் முன்பே கேட்டு வாங்கிப் பாருங்கள்.