மாநில நெடுஞ்சாலை: பெருவழிக்கு வந்த புதுப் பெயர்

கோபியில் நின்று கேட்டால் அது சத்தி ரோடு. சத்திக்குப் போய் அதே ரோட்டைக் கேட்டால் கோபி ரோடு. ஈரோட்டில் கிளம்பி கவுந்தப்பாடி, கோபிசெட்டிபாளையம், சத்தியமங்கலம், மேட்டுப்பாளையம், கோத்தகிரி என்று ஊர் ஊராகத் தொட்டுக்கொண்டு ஊட்டி ஏறும் இந்த வழிக்கு அரசு வைத்த பெயர் மாநில நெடுஞ்சாலை 15. அதை வாயால் சொல்லுபவரைப் பார்ப்பது அபூர்வம். 'மெயின் ரோட்டுக்குப் போய் பஸ் ஏறு' என்பதுதான் பேச்சு. பச்சைத் தலை வைத்த கிலோமீட்டர் கல்லைப் பார்த்தால் மாநில நெடுஞ்சாலை, மஞ்சள் தலை என்றால் தேசிய நெடுஞ்சாலை. சரி, அந்தப் பெயருக்குள் என்ன இருக்கிறது?

மாநிலம் என்பது மா, நிலம் என இரண்டு சொல். மா என்றால் பெரிய. பழைய பாட்டுகளில் இது உலகம் முழுவதையும் குறித்தது. நற்றிணையின் கடவுள் வாழ்த்து 'மாநிலம் சேவடி ஆக' என்றுதான் தொடங்கும். இந்தப் பேருலகமே திருமாலின் பாதம் என்கிறது. நாட்டின் ஒரு பகுதி என்ற பொருள் நம் காலத்தில் வந்தது.

நெடுமையும் சாலையும் சேர்ந்து நெடுஞ்சாலை. ஆங்கில 'ஹைவே'யில் உள்ள 'ஹை' முதன்மையானது என்ற கருத்தில் வருவது. அதை அப்படியே பெயர்த்து 'உயர்சாலை' என்று போடாமல் நீளத்தைப் பிடித்துக்கொண்டது நல்ல காரியம்.

சாலைதான் யோசிக்க வைக்கும் சொல். பாடசாலை, தொழிற்சாலை, சிறைச்சாலை, அறச்சாலை எல்லாவற்றிலும் அது கூடம், கட்டடம். வடமொழியின் 'சாலா'வும் அதே பொருள் தரும். கூடம் எப்படி ரோடு ஆயிற்று? இருபுறமும் மரம் அடர்ந்த பாதை என்றும் சாலைக்கு அகராதியில் பொருள் உண்டு. இரண்டு பக்கத்துப் புளியமரங்களும் மேலே கிளை கோத்து நிற்கும் ரோட்டில் சித்திரை வெயிலில் போனவருக்கு, கூரை போட்ட கூடத்துக்குள் நுழைந்தது போலத்தான் இருக்கும். பொருள் அப்படித்தான் நகர்ந்திருக்கும் என்பது என் ஊகம். அந்த மரங்களின் அடியில் சுண்ணாம்பு அடித்து எண் எழுதி, புளி மகசூலை ஏலம் விடுவது இன்றும் உண்டு. ரோட்டை அகலப்படுத்தும்போது முதலில் போவதும் அவைதான். மரம் போன பிறகு மிஞ்சுகிற தார் ரோட்டைச் சாலை என்று சொல்ல எனக்கு மனம் வருவதில்லை.

அப்புறம், சாலைக்கு முன் தமிழில் என்ன சொன்னார்கள்? ஆறு, நெறி, அதர், வழி. ஆற்றுப்படையில் உள்ள ஆறு, வழி என்னும் ஆறுதான். 'ஆக்கம் அதர்வினாய்ச் செல்லும்' என்கிறது குறள். செல்வம் வழி விசாரித்துக்கொண்டு வருமாம். ஊரையும் ஊரையும் இணைத்த பெரிய வணிக வழிக்குப் பெயர் பெருவழி. பெரும்பாணாற்றுப்படை 'உல்குடைப் பெருவழி' என்கிறது. உல்கு என்றால் சுங்கம். டோல்கேட் வைத்த ரோடு சங்கப் பாட்டிலேயே இருக்கிறது! அந்த வழி பிரியும் இடத்துக்கு அங்கே 'கவலை' என்று பெயர். கோவை சுண்டக்காமுத்தூர் பக்கம் 'இராசகேசரிப் பெருவழி' என்று பாறையிலேயே வெட்டி வைத்திருக்கிறார்கள்.

ஆகவே 'ஹைவே'க்கு நேரான பழந்தமிழ்ச் சொல் பெருவழிதான். நெடுஞ்சாலை என்ற சொல் சட்டத்திலும் துறையின் பெயரிலும் வேர் விட்டுவிட்டது. அதைப் பிடுங்கச் சொல்லவில்லை. ஆனால் பழைய வணிகப் பாதைகளைப் பற்றி எழுதும்போதாவது பெருவழி என்றே எழுதலாம். புறவழிச்சாலை, நான்குவழிச்சாலை என்ற புதுச் சொற்களுக்குள்ளும் வழி இருக்கத்தான் செய்கிறது.

தருமபுரிப் பக்கம் கிடைத்த அதியமான் பெருவழிக் கல்லில், நாவல்தாவளம் என்ற இடத்துக்கு 29 காதம் என்று எழுதியிருக்கிறது. காதம் பழைய தூர அளவு. எழுத்தோடு விடவில்லை. கீழே பத்துக்கு ஒன்றாக 2 பெரிய குழி, ஒன்றுக்கு ஒன்றாக 9 சிறிய குழி. எழுத்துத் தெரியாத வண்டிக்காரர் இருட்டில் கல்லைத் தடவினாலும் தூரம் கைக்குத் தெரியும்.