பாரிஸ் போத்தலும் தேசிப்புளியும்

“இதென்ன, வேப்பங்காயை உப்புத் தண்ணிக்குள்ள போட்டு அனுப்பியிருக்கிறாள்?”

பாரிஸ் சின்னம்மா, ஊருக்கு வந்த யாரோ ஒருவரிடம் கொடுத்துவிட்ட பச்சை ஒலிவ் போத்தலைத் திறந்து, ஒன்றை வாயில் போட்டதும் அம்மா சொன்னது இது. சரி, நானும் பார்க்கிறேன் என்று அப்பாவும் ஒன்றைக் கடித்தார். அடுத்த நிமிடம் கிணற்றடியில் வாய் கொப்பளித்துக்கொண்டு நின்றார். போத்தல் மூன்று வாரம் பிரிட்ஜ் கதவில் சும்மா கிடந்தது. அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அதே காய்களைப் பொடியாக அரிந்து, சின்ன வெங்காயம், தக்காளி, பச்சை மிளகாய், தேசிப்புளி எல்லாம் சேர்த்து, ஒலிவ் எண்ணெய் விட்டுப் பிரட்டி மேசையில் வைத்தேன். சல்சா என்று சொன்னால் கை வைக்கமாட்டார்கள் என்று தெரியும். சம்பல் என்று சொன்னேன். ஒரு றாத்தல் பாணோடு சட்டி வழித்துத் துடைக்கப்பட்டது.

துப்பிய காயையே எப்படித் தின்ன முடிந்தது என்று அப்பா கேட்டார். அதற்குப் பதில் சொல்ல, காய் மரத்தில் இருந்த காலத்தில் இருந்து தொடங்கவேண்டும்.

மரத்தில் இருந்து நேரே பறித்த ஒலிவ் காயோடு ஒப்பிட்டால் அம்மா துப்பியது பாயாசம். பச்சைக் காயின் சதையிலும் இலையிலும் ஒலியூரோபீன் என்ற பொருள் நிறைய இருக்கிறது. அதுதான் கசப்பின் மூலம். மரம் அதைச் செய்து வைப்பது பூச்சிகளுக்காக. ஒலியூரோபீன் ஓர் அறையிலும், அதை உடைக்கும் நொதியம் வேறோர் அறையிலும் பூட்டிக் கிடக்கும். புழு வந்து கடித்தால் நடுச்சுவர் உடைந்து இரண்டும் கலக்கும். அதில் பிறக்கும் பொருள் புரதங்களை ஒன்றோடொன்று பின்னிக் கட்டிவிடும். புழு தின்ற இலைப் புரதம் அதன் உடம்பில் ஒட்டாமல் வீணாகும். இந்த ‘சுவர் உடைந்தால் ஆயுதம்’ என்ற உத்தியை நினைவில் வைத்திருங்கள். அரிவுப் பலகையில் இன்னும் இரண்டு பேர் இதையே செய்யப்போகிறார்கள்.

இடையில் ஓர் உறவுக் கதை. இலங்கையில் ‘சிலோன் ஒலிவ்’ என்று அழைக்கப்படுவது வெரளிக்காய், சிங்களத்தில் வெரலு. உப்பும் மிளகாய்த்தூளும் போட்ட வெரளி அச்சாறைத் தெற்குப் பக்கம் போகும்போது பேருந்து நிலையங்களில் வாங்கித் தின்றிருப்பீர்கள். உருவத்தில் ஒலிவ் போலவே இருக்கும். ஆனால் இரண்டுக்கும் சொந்தபந்தம் கிடையாது. வெரளி உருத்திராட்ச மரத்தின் இனம். அந்தப் பேரினத்துக்கு எலியோகார்ப்பஸ் என்று பெயர் வைத்ததே அது ‘ஒலிவ் போன்ற கனி’ என்பதால்தான். உண்மையான ஒலிவ் எந்தக் குடும்பம் தெரியுமா? மல்லிகைக் குடும்பம். கோயில் வீதியில் உதிர்ந்து கிடக்கும் பவளமல்லிகையும் அதற்கு உறவுதான். அப்படியானால் இங்கே நட்டால் காய்க்காதா என்றால், மரம் வளரும், ஆனால் பூப்பது சிரமம். பூமொட்டு விரிய அதற்குப் பத்துப் பாகை செல்சியஸை ஒட்டிய குளிர் வாரக்கணக்கில் வேண்டும். நமக்கு மார்கழி, தை இரவிலும் இருபதை ஒட்டித்தான் நிற்கும். ஆகவே ஒலிவ் இங்கே போத்தலில் மட்டுமே வரும்.

போத்தலுக்குள் வருவதற்கு முன் நடப்பதுதான் முக்கியமான சமையல். ஸ்பானிய முறையில், பச்சைக் காயை முதலில் சோடியம் ஐதரொட்சைட்டு என்ற காரத்தின் (மிளகாய்க் காரம் அல்ல, அமிலத்துக்கு எதிரானது) கரைசலில் சில மணி நேரம் ஊறவிடுவார்கள். காரம் தோலில் இருந்து உள்ளே இறங்கி, போகும் வழியெல்லாம் ஒலியூரோபீனை உடைத்துக்கொண்டு போகும். சதையில் மூன்றில் இரண்டு பங்கு தூரம் இறங்கியதும் நிறுத்திவிடுவார்கள். கொட்டையைச் சுற்றிய மிச்சச் சதையில் கசப்பு கொஞ்சம் இருக்கட்டும் என்று வேண்டுமென்றே விடுவது அது. அம்மாவின் நாக்கு கண்டுபிடித்தது அந்த மூன்றில் ஒரு பங்கைத்தான். காரத்தைக் கழுவிய பிறகு காய் உப்புநீருக்குப் போகிறது, ஏறத்தாழ பத்து வீத உப்பு. அதில் சாதாரணக் கிருமிகள் தாக்குப்பிடிக்காது. உப்பைத் தாங்கும் இலற்றிக் அமிலப் பற்றீரியாக்கள் மட்டும் பெருகி, காயில் இருந்து கசியும் சீனியைத் தின்று அமிலத்தைக் கக்கும். நம் வீட்டில் பாலைத் தயிராக்கும் பற்றீரியாக்களுக்கு இவை நெருங்கிய சொந்தம். கிரேக்கர்கள் காரத்தைத் தொடாமல் நேரே உப்புநீரில் போட்டு மாதக்கணக்கில் காத்திருப்பார்கள். கசப்பு தானாகக் கசிந்தும் உடைந்தும் போகும். பேணியில் வரும் பளபளப்பான கறுப்பு ஒலிவ் இன்னொரு ரகம். அதில் பெரும்பாலானது பழுத்துக் கறுத்தது அல்ல. பழுக்காத காயைக் காரத்தில் போட்டு, காற்றுப் பாய்ச்சிக் கறுக்க வைத்து, இரும்பு உப்பு ஒன்றால் நிறத்தை நிலைக்கச் செய்தது. அதில் புளிப்பும் இல்லை, குணமும் இல்லை என்பது என் கட்சி.

ஆக, போத்தலைத் திறக்கும்போது நம் கையில் இருப்பது உப்பு, புளிப்பு, மிச்சக் கசப்பு மூன்றும் உள்ள, ஆனால் சீனி இல்லாத ஒரு காய். சீனியைப் பற்றீரியா தின்றுவிட்டது. முழுக் காயைக் கடித்த அம்மாவின் வாயில் இந்த மூன்றும் ஒரே அடியாக இறங்கின. சல்சா செய்வது என்றால் அந்தக் காய் இழந்ததை அதைச் சுற்றி மறுபடி வைப்பது.

கொட்டை நீக்கிய காய் ஒரு கோப்பை என்று வையுங்கள். முதலில் அரை மணி நேரம் வெறும் தண்ணீரில் போடுங்கள், உப்பு கொஞ்சம் வெளியேறட்டும். மோர்மிளகாயில் உப்புக் கூடினால் செய்வதும் இதுதானே. பிறகு பயறு அளவுக்குப் பொடியாக அரியவேண்டும். பெரிய துண்டு என்றால் அம்மாவின் அனுபவம்தான் திரும்பவும்.

அடுத்தது செம்பாட்டு மண்ணில் விளைந்த நம் சின்ன வெங்காயம், எட்டுப் பத்து. இங்கே சுவர் உடையும் கதை திரும்ப வருகிறது. வெங்காயக் கலத்தில் கந்தகச் சேர்வை ஒரு பக்கம், அதை உடைக்கும் நொதியம் மறுபக்கம். கத்தி பட்டதும் இரண்டும் சேர்ந்து, கண்ணில் நீர் வரவைக்கும் ஆவி எழும்பும். அது தானாக உண்டாகிறது என்றுதான் நெடுங்காலம் நினைத்திருந்தார்கள். கண்ணீருக்கென்றே தனியாக இன்னொரு நொதியம் வெங்காயத்துக்குள் இருப்பதை 2002இல் யப்பானிய ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள். 2013இல் அவர்களுக்கு ‘இக் நோபல்’ என்ற பகிடிப் பரிசும் கிடைத்தது. உள்ளியும் இதே இனம், இதே உத்தி. ஆனால் இந்த நொதியங்களுக்குப் புளி ஆகாது. ஒரு பல் உள்ளியைத் தேசிப்புளிக்குள்ளேயே நசித்தால் உறைப்பு பிறக்க முன்னரே அடங்கிவிடும். நசித்துப் பத்து நிமிடம் விட்டுப் பிறகு புளி விட்டால் உறைப்பு முழுவதும் பிறந்துவிட்டிருக்கும். எது வேண்டும் என்பது உங்கள் விருப்பம். வெங்காயத்துக்கு நான் முதல் வழியைத்தான் பிடிப்பேன்: அரிந்தவுடன் புளிக்குள்.

புளி விட்டதும் வெங்காயத்தின் மங்கிய ஊதா, பளிச்சென்ற இளஞ்சிவப்பாக மாறும். தோலில் உள்ள அந்தோசயனின் என்ற நிறப்பொருள் அமிலத்தில் சிவக்கும், காரத்தில் நீலம் தட்டும். நம்பிக்கை இல்லாவிட்டால் இரண்டு துண்டை அப்பச்சோடா கரைத்த தண்ணீரில் போட்டுப் பாருங்கள். யாழ்ப்பாணக் குடாநாடு முழுவதும் சுண்ணாம்புக்கல்லின் மேல் இருப்பதால் நம் கிணற்றுத் தண்ணீரும் காரப் பக்கம் சாய்ந்ததுதான். கேத்தலின் அடியில் படியும் வெள்ளைப் படை அதற்குச் சாட்சி. அதனால் அரிந்த வெங்காயத்தைத் தண்ணீரில் அலசிக்கொண்டு நிற்காமல் நேரே புளியில் போடுவது நிறத்துக்கும் நல்லது.

தக்காளி இரண்டு. சல்சா செய்யும் பலர் தண்ணீராகிப் போகிறது என்று விதையையும் அதைச் சுற்றிய கூழையும் வழித்து வீசுவார்கள். வீசாதீர்கள். நாக்குக்கு இறைச்சிச் சாறு போல நிறைவு தரும் குளுட்டமேட், தக்காளியின் சதையைவிட அந்தக் கூழில்தான் அதிகம். தண்ணீரைச் சமாளிக்க வேறு வழி இருக்கிறது. அரிந்த தக்காளியில் ஒரு சிட்டிகை உப்புத் தூவி, கால் மணி நேரம் வடிதட்டில் விடுங்கள். பிரசாரணத்தால் கலங்களுக்குள் இருந்த நீர் உப்பைத் தேடி வெளியே வரும். கீழே வடிந்த சாற்றைச் சிறு தீயில் மூன்றில் ஒரு பங்காக வற்றவைத்து, ஆறியதும் திரும்பச் சேர்த்தால் சுவை போகாது, தண்ணீர் மட்டும் போகும்.

உப்பு செய்யும் இன்னொரு வேலை நாக்கின் மேல் நடக்கிறது. 1997இல் பிலடெல்பியாவின் மோனெல் ஆய்வு நிலையத்தில் பிரெஸ்லின், போஷாம் என்ற இருவர் ஒரு கசப்புப் பொருளையும் சீனியையும் கலந்து ஆட்களுக்குக் கொடுத்தார்கள். பிறகு அதோடு, உப்புச் சுவை பெரிதாக இல்லாத ஒரு சோடியம் சேர்வையையும் சேர்த்தார்கள். கசப்புக் குறைந்தது, சீனியைக் கூட்டாமலே இனிப்புக் கூடியதாகத் தெரிந்தது. கசப்பும் இனிப்பும் ஒன்றையொன்று அமுக்கிக்கொண்டிருக்க, சோடியம் கசப்பின் தலையில் தட்டியதும் இனிப்பு எழுந்து நின்றது. பாவற்காயில் உப்புப் பிரட்டிப் பிழிவதில் சாறு வடிவது பாதி வேலை, மீதி இதுதான். போத்தல் ஒலிவில் உப்பு தாராளமாக இருந்தும் அது ஏன் கசந்தது என்றால், எழுந்து நிற்க அங்கே இனிப்பே இல்லை. தக்காளி அந்த இனிப்பைக் கொண்டுவந்து கொடுக்கிறது. நன்றாகப் பழுத்த தக்காளி கிடைக்காவிட்டால் பாதிக் கறுத்தக்கொழும்பான் மாம்பழம் அரிந்து போடலாம். அதுதான் இன்னும் நல்லது என்று சொல்ல எனக்குக் கொஞ்சம் வெட்கம்.

பச்சை மிளகாயைப் பற்றி நமக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. அதன் காரப்பொருள் கப்சாயிசின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும் என்பதை மட்டும் கவனியுங்கள். மிளகாயை எண்ணெயோடு முதலில் பிரட்டினால் காரம் எல்லா இடமும் பரவும். கடைசியில் தூவினால் அங்கங்கே சுள்ளென்று பிடிக்கும்.

எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி. நல்ல புதிய ஒலிவ் எண்ணெய் நாக்கை விட்டுத் தொண்டையில் கடிக்கும், இருமல்கூட வரும். அது பழுதான எண்ணெய் என்று நினைக்கவேண்டாம். மேலே சொன்ன அதே போஷாம், 1999இல் சிசிலித் தீவில் புதிய எண்ணெயைச் சுவைத்தபோது, இபுப்ரோபன் என்ற வலி மருந்தைத் திரவமாகக் குடித்தால் அது தொண்டையில் கடிப்பதும் இப்படித்தானே என்று யோசித்தார். அந்த யோசனை 2005இல் ஒரு கண்டுபிடிப்பாக வெளிவந்தது: எண்ணெயில் உள்ள ஒலியோகாந்தல் என்ற பொருள், உடம்பில் வீக்கத்தைத் தூண்டும் நொதியங்களை இபுப்ரோபனைப் போலவே தடுக்கிறது. ஒரு கரண்டி எண்ணெயில் இருப்பது சொற்பம்தான், தலையிடிக்குச் சல்சா தின்னாதீர்கள். கடிக்காத எண்ணெய் பெரும்பாலும் பழையது, அல்லது சுத்திகரித்தது. அப்படியான எண்ணெய்தான் கையில் இருக்கிறது என்றால் பாதிக்கு நல்லெண்ணெய் விட்டுப் பாருங்கள்; குறை தெரியாது.

மச்சம் தின்னும் நாள் என்றால் என் சேர்மானம் ஒன்று உண்டு: அரைத் தேக்கரண்டி மாசித்தூள். மாசி என்பது சூரை மீனை அவித்துப் புகையூட்டிக் காயவைத்தது. யப்பானியரின் கட்சுவோபுஷிக்கு அண்ணன் தம்பி முறை. அதில் உள்ள இனோசினேட் என்ற சுவைப்பொருள், தக்காளியின் குளுட்டமேட்டோடு சேர்ந்தால் இரண்டின் கூட்டுத்தொகையைவிட நாக்கில் பல மடங்கு தெரியும். வெள்ளிக்கிழமை என்றால் இந்தப் பந்தியை விட்டுவிடுங்கள்.

எல்லாவற்றையும் கலந்து அரை மணி நேரம் வைத்துச் சாப்பிடவேண்டும். உப்பு அதற்குப் பிறகுதான், பெரும்பாலும் தேவைப்படாது.

மிஞ்சினால் கட்டாயம் பிரிட்ஜில் வையுங்கள். இதில் விளையாட்டு இல்லை. உள்ளியும் வெங்காயமும் மண்ணில் விளைவன, மண்ணில், உணவில் கொடிய நஞ்சைச் சுரக்கும் பொட்டுலினம் பற்றீரியாவின் வித்திகள் இருக்கும். அவை காற்று இல்லாத, புளிப்புக் குறைந்த, வெப்பமான இடத்தில் விழித்துக்கொள்ளும். எண்ணெய்க்குள் மூழ்கிய உள்ளி சரியாக அப்படியான இடம். 1985இல் கனடாவின் வன்கூவரில், எண்ணெயில் போட்ட அரிந்த உள்ளியைப் பிரிட்ஜுக்கு வெளியே வைத்திருந்த ஓர் உணவகத்தால் 36 பேருக்கு நஞ்சேறியது. புளிப்புக் கூடக்கூடக் குறையும் பிஎச் பெறுமானம் 4.6க்குக் கீழே போனால் அந்தப் பற்றீரியா வளராது. தேசிப்புளி தாராளமாக இருக்கவேண்டும் என்பதற்கு அதுவும் ஒரு காரணம். பேணிக் கறுப்பு ஒலிவில் சொந்தப் புளிப்பு இல்லாததால் அதற்கு இன்னும் அரைத் தேசிக்காய் கூட. எப்படியானாலும் மூன்று நாளுக்கு மேல் வைக்கவேண்டாம்.

இரண்டாம் முறை செய்தது கொஞ்சம் மிஞ்சியது. அடுத்த நாள் காலை பிரிட்ஜைத் திறந்த அம்மா, சல்சாவின் மேல் வெள்ளை வெள்ளையாகப் படர்ந்திருந்ததைக் கண்டு, “பூஞ்சணம் பிடிச்சிட்டுது, கொட்டப்போறன்” என்று சட்டியோடு வெளிக்கிட்டார். நல்ல காலம், நான் குசினியில் நின்றேன். ஒலிவ் எண்ணெய் குளிரில் தேங்காயெண்ணெய் போல உறையும், அவ்வளவுதான். கால் மணி நேரம் மேசையில் வைத்தோம். வெள்ளை கரைந்து, எண்ணெய் பழையபடி பச்சை கலந்த மஞ்சளாக வந்தது. அதற்குள் அப்பா கடைக்குப் போய் இன்னொரு றாத்தல் பாண் வாங்கி வந்திருந்தார்.