கிளிப்பில் 99, மூச்சு பூஜ்யம்

"நாலு வயதுப் பிள்ளைக்கு லேசா மயக்கம் கொடுத்துப் பல் சிகிச்சை செய்யலாம் என்கிறார்கள். விரலில் கிளிப் மாட்டிப் பார்த்துக்கொள்வார்களாம். அது போதுமா?" என்று கேட்டிருக்கிறார் ஒரு வாசகி.

போதாது. அந்தக் கிளிப், பல்ஸ் ஆக்சிமீட்டர், ரத்தத்தில் ஆக்சிஜன் எவ்வளவு ஏறியிருக்கிறது என்று மட்டுமே சொல்லும். மூச்சு ஓடுகிறதா என்று அதற்குத் தெரியாது. ஹீமோகுளோபின் லேசில் ஆக்சிஜனை விடாது. ரத்தத்தில் ஆக்சிஜன் அழுத்தம் (பாதரச அளவில்) 100 மி.மீ.யிலிருந்து 70க்கு இறங்கினாலும், கிளிப்பில் 98 என்பது 94 ஆகும், அவ்வளவுதான். அழுத்தம் 60க்குக் கீழே போனால்தான் கிளிப்பில் செங்குத்துச் சரிவு.

மூக்கில் ஆக்சிஜன் குழாய் வைத்துவிட்டால் கிளிப்புக்குக் கண் இன்னும் மங்கிவிடும். நுரையீரலில் நைட்ரஜன் இருந்த இடத்தையும் ஆக்சிஜன் பிடித்துக்கொள்வதால், மூச்சு நின்றபின்னும் அந்தக் கையிருப்பில் கொஞ்ச நேரம் வண்டி ஓடும். திரையில் 99. ஆனால் குழந்தையின் கையிருப்பு சின்னது, செலவோ பெரிது: பெரியவருக்குக் கிலோவுக்கு நிமிடத்துக்கு 3 முதல் 4 மி.லி. ஆக்சிஜன் என்றால், குழந்தைக்கு 6 முதல் 8. விழ ஆரம்பித்தால் மடமடவென்று விழும்.

இங்கேதான் மூச்சையே காட்டும் கேப்னோகிராப் கருவி வேண்டும். மூக்கருகே ஒரு மெல்லிய குழாய் வெளிமூச்சை உறிஞ்சும். அதன் வழியே அகச்சிவப்புக் கதிர் பாயும். கார்பன் டை ஆக்சைடு அந்தக் கதிரை விழுங்குவதால் ஒவ்வொரு வெளிமூச்சுக்கும் திரையில் ஒரு மேடு எழும். நாக்கு பின்னால் சரிந்து தொண்டையை அடைத்தால் நெஞ்சும் வயிறும் அசைந்துகொண்டே இருக்கும், பார்ப்பவர் ஏமாந்துபோவார். கோடு மட்டும் அடுத்த மூச்சிலேயே படுத்துவிடும். தாடையை முன்னால் தூக்கிப் பிடித்தாலே பல நேரம் மேடு திரும்பிவிடும். வாய்வழி மூச்சும் அழுகையும் அலையைக் குலைக்கும் என்பதால் நெஞ்சில் ஒரு ஸ்டெதஸ்கோப் ஒட்டிக் கேட்பதும் உண்டு.

அமெரிக்காவில் ஒரே பல் மருத்துவமனையில் மூன்று குழந்தைகள் இறந்த பிறகுதான் குழந்தைகளுக்கு மயக்கம் கொடுப்பது பற்றி 1985-ல் முதல் வழிகாட்டுதல் வந்தது. 2019 திருத்தப்படி, ஆழ்ந்த மயக்கமென்றால் பல்லைப் பார்ப்பவர் ஒருவர், மயக்கத்தைப் பார்ப்பவர் தகுதியுள்ள இன்னொருவர். சுவரெல்லாம் கார்ட்டூன் வரையக் காசு இருக்கும் கிளினிக்கில் இந்த இரண்டாவது ஆளுக்கு மட்டும் காசில்லை என்றால் எழுந்து வந்துவிடலாம்.

வயிறு காலியாக இருக்க வேண்டும்: தண்ணீர் 2 மணி நேரம் முன்புவரை, தாய்ப்பால் 4, பசும்பாலும் பவுடர் பாலும் 6. "பாவம், அழுதானே" என்று ஒரு வாய் பால் கொடுத்திருந்தால் மறைக்காமல் சொல்லுங்கள். அது நுரையீரலுக்குள் போகக்கூடும். மரப்பு ஊசிக்கும் கணக்கு உண்டு. பல் சிகிச்சையில் லிக்னோகேய்ன் கிலோவுக்கு 4.4 மி.கி. வரைதான், 15 கிலோ பிள்ளைக்கு 66 மி.கி., 2% மருந்தில் 3.3 மி.லி. மயக்க மருந்தும் சேர்ந்தால் அதிலும் குறைக்க வேண்டும்.

மிடசோலம் என்ற மயக்க மருந்தை முறிக்க ஃப்ளூமசெனில் என்ற மாற்று மருந்து போட்டிருந்தால் உடனே கிளம்பாதீர்கள். முறிப்பான் முதலில் தீர்ந்துபோகும், தூக்கம் திரும்பும். 2 மணி நேரமாவது கண்காணிப்பில் இருக்க வேண்டும். வீட்டுக்குப் போகும்போது ஒருவர் வண்டி ஓட்ட, இன்னொருவர் பின்சீட்டில் குழந்தையின் முகவாய் நெஞ்சில் சாயாமல் பார்த்துக்கொண்டே வரவேண்டும்.