ஒரு காயம், இருபது கால்கள்

கண்ணிவெடியில் கால் போனவரைப் பார்க்க வருகிற சொந்தக்காரர்கள் முதலில் செய்கிற காரியம், அந்தக் காலுக்கு அடியில் ஒரு தலையணையைச் செருகுவது. பாசத்தில் செய்வதுதான். மறுநாள் காலையில் நான் போய் அதை எடுத்துவிடுவேன். சாயங்காலம் பார்த்தால் மறுபடியும் அங்கேயே இருக்கும். இத்தனை வருட வேலையில் நான் மனிதர்களோடு போட்ட சண்டையைவிடத் தலையணைகளோடு போட்ட சண்டைதான் அதிகம்.

முழங்காலுக்குக் கீழே துண்டித்த கால், தலையணைமேல் மடங்கியபடியே சில வாரங்கள் கிடந்தால் முட்டிக்குப் பின்புறத் தசைகள் சுருங்கி இறுகிவிடும். அதன்பிறகு முட்டி நேராக நீளாது. நீளாத முட்டிக்குச் செயற்கைக் கால் பொருத்துவது, கோணிய கதவுக்குப் பூட்டுப் போடுகிற கதைதான். தரையில் கிடக்கிற பாயில் குப்புறப் படுக்க வைத்து, முட்டியை நீட்டி வைக்கச் சொல்வேன். “ஐயோ பாவம், வலிக்குமே சயாமா” என்று அம்மாக்கள் என்னை முறைப்பார்கள். (சயாமா என்றால் பர்மிய மொழியில் ஆசிரியை; மரியாதையாக அழைக்கிற சொல்.) வலிக்கும்தான். ஆனால் பிறகு நடப்பார்.

மியன்மாரில் மோல்மீன் பக்கம் இயன்முறை சிகிச்சை செய்கிறவள் நான். வருகிறவர்களில் மொன், கரேன், பர்மியர், தமிழர் எல்லோரும் உண்டு. எல்லோருக்கும் நான் சயாமாதான். பெரும்பாலும் ரப்பர் பால் வெட்டப் போனவர்கள், மூங்கில் வெட்டப் போனவர்கள், மாடு தேடிப் போனவர்கள். துப்பாக்கி பிடித்தவர்களும் வருவார்கள். யார் பக்கத்தில் நின்று பிடித்தார்கள் என்று நான் கேட்பதில்லை. மாவுக்கட்டுப் போட்டு அளவெடுக்கும்போது எல்லாக் காலும் ஒரே மாதிரி நடுங்கும்.

இவர்களைப் பற்றிச் செய்தியில் வருகிற வரி எப்போதும் ஒன்றுதான்: “கண்ணிவெடி வெடித்ததில் ஒருவர் காயம்.” இறந்தவர் யாரும் இல்லையென்றால் அந்த வரிகூட வராது. கைப்பேசியில் விரலால் தள்ளிவிட்டு அடுத்ததற்குப் போய்விடுகிறோம். உயிர் பிழைத்துவிட்டார் அல்லவா, அதோடு கதை முடிந்தது என்று மனம் கணக்கு முடித்துவிடுகிறது. எங்கள் கணக்கு அன்றைக்குத்தான் தொடங்குகிறது.

ஒரு பையனைச் சொல்கிறேன். எட்டு வயது. வெடிக்காமல் கிடந்த ஏதோ ஒன்றைத் தோட்டத்தில் கண்டெடுத்தான். மற்றதைச் சொல்ல வேண்டியதில்லை. வளர்கிற பிள்ளைக்குச் செயற்கைக் காலை ஆறு மாதத்துக்கு ஒருமுறை, மிஞ்சிப் போனால் வருடத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும். சட்டை சிறுத்துப்போவது போல அதுவும் சிறுத்துப்போகும். வருடத்துக்கு ஒன்று என்றே வைத்தாலும் பதினெட்டு வயதுக்குள் பத்துக் கால்கள். வளர்ந்தவர்களுக்கு மூன்றிலிருந்து ஐந்து வருடத்துக்கு ஒன்று. அறுபது வயதுவரை அவன் இருந்தால் இன்னும் பத்து. ஆகமொத்தம் இருபது. பட்டை, உறை, பாதம் மாற்றுகிற சில்லறைச் செலவு தனி. பிள்ளைகளுக்கு இன்னொரு தொல்லையும் உண்டு: வெட்டிய இடத்தில் எலும்பு மட்டும் தோலைவிட வேகமாக வளர்ந்து உள்ளேயிருந்து குத்தும். சிலருக்கு அதற்காகவே மறுபடியும் அறுவை சிகிச்சை செய்ய வேண்டிவரும். “ஒருவர் காயம்” என்ற இரண்டு சொல்லுக்குள் இவ்வளவும் அடங்கியிருக்கிறது.

இல்லாத கால் வலிப்பதைப் பற்றியும் சொல்ல வேண்டும். “கட்டைவிரலை யாரோ நெரிக்கிறார்கள்” என்று அழுவார்கள். கட்டைவிரல் எப்போதோ போய்விட்டிருக்கும். வீட்டார் பயந்துபோய்ப் பேய் பிடித்திருக்கிறது என்று மந்திரிக்கக் கூட்டிப்போவதும் நடக்கிறது. இது பேயும் இல்லை, நடிப்பும் இல்லை. மூளையில் அந்தக் காலின் வரைபடம் இன்னும் அழியாமல் இருப்பதுதான். தமிழ்நாட்டில் பிறந்த நரம்பியல் அறிஞர் வி.எஸ். ராமச்சந்திரன் 1990களில் இதற்கு ஒரு கண்ணாடியை வைத்தே வழி காட்டினார். நல்ல காலின் பிம்பம் இழந்த காலின் இடத்தில் தெரிகிறபடி ஆடியை நிறுத்திவிட்டு, நல்ல காலை மெல்ல அசைக்கச் சொல்ல வேண்டும். எல்லோருக்கும் பலிப்பதில்லை. பலித்தவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும். கடைத்தெருவில் வாங்கிய சாதாரண நிலைக்கண்ணாடி போதும்.

இனி டீக்கடைக்கு வருகிறேன். 2021 பிப்ரவரியில் ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு எங்கள் ஊர் டீக்கடைகளில் தாழ்ந்த குரலில் கேட்கப்படுகிற கேள்வி “இன்றைக்கு எத்தனை பேர்?” என்பதுதான். செத்தவர்கள் எந்தப் பக்கம் என்பதை வைத்து முகம் மலர்வதும் சுருங்குவதும் நடக்கும். எதிர்ப்பக்கத்துப் பிணத்தின் படத்துக்குச் சிரிப்புக் குறி போட்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்களில் சிலர் என் நோயாளிகளின் அண்ணன் தம்பிகள்.

போருக்கு மக்கள் ஆதரவு எப்படிக் குறைகிறது என்பதை அமெரிக்க அரசியல் அறிஞர் ஜான் முல்லர், கொரியா, வியட்நாம் போர்களின் கருத்துக் கணிப்புகளை வைத்து ஆராய்ந்தார். தம் நாட்டு வீரர்களில் செத்தவர், காயம்பட்டவர் தொகை பத்து மடங்கு ஏறும்போதெல்லாம் ஆதரவு சுமார் 15 சதவீதப் புள்ளிகள் இறங்கியதாக அவர் கண்டார். பத்து மடங்கு என்பதைக் கவனியுங்கள். நூறு ஆயிரமாகும்போது விழுகிற அடியும், ஆயிரம் பத்தாயிரமாகும்போது விழுகிற அடியும் ஒன்றே. முதல் நூறு பேருக்குத் துடித்த மனம், பிறகு அதே துடிப்புத் துடிக்க ஆயிரக்கணக்கில் கேட்கிறது. எனக்கு இதில் உறுத்துவது இன்னொன்று: அந்தக் கணக்கில் இருந்தவர்கள் எல்லோரும் அமெரிக்கர்கள். வியட்நாம் விவசாயியின் கால் அந்த வரைபடத்தில் எந்தப் புள்ளியையும் அசைக்கவில்லை.

உளவியலாளர் பால் ஸ்லோவிக்கும் அவருடைய சகாக்களும் செய்த சோதனையும் இதன் அக்காள்தான். ஆப்பிரிக்காவின் மாலி நாட்டில் பட்டினி கிடக்கும் ஏழு வயதுச் சிறுமி ஒருத்தியின் படத்தைக் காட்டி நன்கொடை கேட்டபோது கிடைத்ததில், லட்சக்கணக்கானோர் பட்டினி என்று புள்ளிவிவரம் மட்டும் காட்டியபோது பாதியளவுதான் கிடைத்தது. சிறுமியின் படத்தோடு அந்தப் புள்ளிவிவரத்தையும் சேர்த்துக் காட்டியபோது அவளுக்குக் கிடைத்ததும் குறைந்தது. எண், இரக்கத்தைக் கூட்டுவதற்குப் பதிலாகத் தின்றுவிட்டது. அப்படியானால் படமே மருந்தா என்றால் அதுவும் இல்லை. 2015 செப்டம்பரில் துருக்கிக் கடற்கரையில் இறந்து கிடந்த சிரியக் குழந்தையின் படம் உலகத்தை உலுக்கியது. சுவீடன் செஞ்சிலுவைச் சங்கத்தின் சிரிய அகதிகள் நிதிக்கு அந்த வாரம் வந்த நன்கொடைகளின் எண்ணிக்கை முன்பைவிட நூறு மடங்கு. ஆறு வாரங்களில் பழைய நிலைக்கு இறங்கிவிட்டது. ஆறு வாரம் என்பது எங்களிடத்தில் ஒருவருடைய தையல் ஆறி, வீக்கம் வடிந்து, முதல் அளவு எடுக்கப் போகிற நேரம். உலகம் கிளம்பிப் போன பிறகுதான் அவர் எழுந்து நிற்கவே தொடங்குவார்.

எங்கள் டீக்கடையின் குரல் ஒரே இரவில் மாறியதையும் பார்த்தேன். 2024 பிப்ரவரி 10ஆம் தேதி கட்டாய ராணுவ சேவைச் சட்டம் நடைமுறைக்கு வருவதாக அறிவித்தார்கள்: ஆண்களுக்கு 18 முதல் 35 வயது, பெண்களுக்கு 18 முதல் 27. அதுவரை வரைபடத்தில் எந்த ஊர் யார் கையில் என்று விரல் வைத்துப் பேசிக்கொண்டிருந்தவர்கள், தம் பிள்ளைகளின் பிறந்த வருடத்தை விரல்விட்டு எண்ணினார்கள். யார் ஜெயிக்கிறார்கள் என்று அதன்பிறகு அந்த மேசையில் அதிகம் பேச்சில்லை. யாரையும் குறை சொல்ல இதை எழுதவில்லை. என் தம்பிக்கு 33 வயது, நானும்தான் எண்ணினேன்.

மோல்மீனிலிருந்து தெற்கே போகிற வழியில் தன்பியூசயாட் இருக்கிறது. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் கைதிகளையும் கூலிகளையும் வைத்துப் போட்ட சயாம் மரண ரயில் வந்து முடிந்த ஊர். 415 கிலோமீட்டர் பாதை, 1943 அக்டோபரில் முடித்தார்கள். அங்கே நேச நாட்டுப் போர்க்கைதிகளின் கல்லறைத் தோட்டத்தில் 3,700க்கும் மேற்பட்ட கல்லறைகள், வரிசை பிசகாமல், புல் வெட்டி, பெயர் பொறித்து இருக்கின்றன. சிலவற்றில் “போர்வீரன், கடவுளுக்குத் தெரிந்தவன்” என்ற பொருளில் எழுதியிருக்கும். அதே பாதையில் வேலை செய்த ஆசியத் தொழிலாளர்கள் கைதிகளைவிட மூன்று மடங்கு அதிகம். மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுவரப்பட்ட நம் தமிழ் ஆட்கள் அதில் பல்லாயிரம் பேர். காலராவிலும் மலேரியாவிலும் பட்டினியிலும் போனவர்களை ஏறத்தாழ 90,000 என்பார்கள், கூடவும் சொல்வார்கள். அவர்களுக்கு இப்படி வரிசை வரிசையாகக் கல் இல்லை. போர்க்கைதிகளுக்குப் பட்டியல் இருந்தது, திரும்பி வந்து எழுதியவர்கள் இருந்தார்கள், உலகம் கேட்டது. தோட்டத்து ஆளுக்குத் துண்டுச்சீட்டுகூட இல்லை. சிகிச்சை முகாமுக்குப் போகும்போது அந்த வழியில் வண்டி மெதுவாகப் போனால் நான் கல்லறைகளைப் பார்ப்பதில்லை, சுற்றிலும் இருக்கிற ரப்பர் காட்டைத்தான் பார்ப்பேன்.

பட்டியலில் ஏறுவது அவ்வளவு முக்கியமா என்றால், முக்கியம். கண்ணிவெடியை ஒழிக்க 1992இல் ஆறு அமைப்புகள் கூடி உலக இயக்கத்தைத் தொடங்கியபோது, அவற்றில் செயற்கைக் கால் வேலை பார்த்தவர்களும் மருத்துவர்களும் இருந்தார்கள். தாங்கள் அளவெடுத்த கால்களை எண்ணி எண்ணித்தான் பேசினார்கள். 1997 ஜனவரியில் இளவரசி டயானா அங்கோலாவின் கண்ணிவெடி நிலத்தில் நடந்த படம் வந்தது. அதே ஆண்டு டிசம்பரில் ஒட்டாவாவில் தடை ஒப்பந்தம் கையெழுத்தானது. இயக்கத்துக்கு அமைதி நோபல் பரிசும் கிடைத்தது. மக்கள் கருத்து ஓர் ஆயுதத்தையே வெட்கப்பட வைத்த அபூர்வமான காலம் அது. மியன்மார் அதில் சேரவில்லை. ராணுவமும் புதைக்கிறது, எதிர்த்துப் போரிடும் குழுக்களும் புதைக்கின்றன. 2023இல் கண்ணிவெடியிலும் வெடிக்காத குண்டுகளிலும் செத்தவர், காயம்பட்டவர் என 1,003 பேரை இந்த நாட்டில் பதிவு செய்தார்கள். உலகத்தில் அதுவே முதலிடம். பதிவானதுதான் அது. 2025இல் எஸ்தோனியா, லாத்வியா, லித்துவேனியா, பின்லாந்து, போலந்து ஆகியவை பக்கத்து நாடான ரஷ்யாவுக்குப் பயந்து அந்த ஒப்பந்தத்திலிருந்தே விலக முடிவெடுத்தன. அந்தப் பயத்தை என்னால் புரிந்துகொள்ள முடிகிறது. அங்கே என் வேலையைச் செய்கிற யாரிடமாவது கேட்டார்களா என்றுதான் தெரிந்துகொள்ள ஆசை.

சில காரியங்களைச் சொல்லிவிடுகிறேன். யாராவது கண்ணிவெடியில் சிக்கினால் ஓடிப்போய்த் தூக்காதீர்கள். ஒன்று இருக்கிற இடத்தில் இன்னொன்றும் இருக்கும். ஓடிய அண்ணனும் தம்பியும் அடுத்தடுத்த கட்டிலில் கிடந்ததை நான் பார்த்திருக்கிறேன். அசையாமல் நின்று குரல் கொடுங்கள்; திரும்பத்தான் வேண்டுமென்றால் வந்த காலடித் தடத்திலேயே திரும்புங்கள். காயம்பட்டவர் பத்திரமான இடத்துக்கு வந்த பிறகு காயத்தைத் துணியால் அழுத்திப் பிடியுங்கள். எவ்வளவு அழுத்தியும் ரத்தம் நிற்கவில்லையென்றால் காயத்துக்கு மேலே இறுக்கிக் கட்டி, கட்டிய நேரத்தை எழுதி வையுங்கள். முகத்தைப் படம் பிடித்துப் போடாதீர்கள். எந்தப் பக்கத்து ஆளானாலும் சரி. அந்தப் படம் ஆறு வாரம் ஓடும். அவர் ஐம்பது வருடம் வாழ வேண்டும். அப்புறம், தலையணை.

போன பங்குனியில் ஓர் இளைஞர் வந்தார். ரப்பர் பால் வெட்டுகிறவர், வலக்கால் முழங்காலுக்குக் கீழே இல்லை, நன்றாக நடப்பார். வந்ததும் ஒரு கேள்வி: “சயாமா, இந்தக் காலோடு பூக்குழி இறங்கலாமா?” பிழைத்தால் மகன் தீமிதிப்பான் என்று அவர் அம்மா வேண்டிக்கொண்டதாம். எனக்குச் சிரிப்பு வந்தது, அவருக்கும் வந்தது. நாங்கள் பாலிப்ரோப்பிலீன் தகட்டை அடுப்பில் வாட்டி, அது அப்பளம்போல் துவளும்போதுதான் காலாக வடிப்போம். நெருப்பில் அது என்ன ஆகும் என்று சொன்னேன். “அம்மன் காப்பாற்ற மாட்டாளா?” “உங்களைக் காப்பாற்றுவாள் தம்பி, பிளாஸ்டிக்கைப் பற்றி எனக்குத் தெரியாது.”

திருவிழாவன்று கோயிலில் பார்த்தேன். பூக்குழிக்குப் பதில் அங்கப்பிரதட்சணம் செய்வதாகப் பூசாரியிடம் சொல்லி ஒப்புக்கொள்ள வைத்திருந்தார். காலைக் கழற்றி, “கொஞ்சம் பிடித்துக்கொள்ளுங்கள்” என்று என் மடியில் வைத்துவிட்டு, ஈர வேட்டியோடு மண்ணில் உருளத் தொடங்கினார். உடுக்கைச் சத்தமும் வேப்பிலை வாசனையுமாக இருந்தது. நான் அந்தக் காலைத் திருப்பிப் பார்த்தேன். உள்ளே உறையில் வியர்வை ஈரம் காயவில்லை. பாதத்தின் குதிகால் வெளிப்பக்கமாகத் தேய்ந்திருந்தது. இடுப்பைச் சாய்த்து நடக்கிறார் போலிருக்கிறது. அடுத்த மாதம் வரச் சொல்ல வேண்டும்.