தேய்மானத்தை மறைக்கும் பிரேக்: பின்சக்கர பேடுகளை மாற்றும் வேலையின் அறிவியல்

புதிதாகப் பொருத்திய பிரேக் பேடுக்கும் ஏறத்தாழ முழுவதும் தேய்ந்துபோன பேடுக்கும் உள்ள வேறுபாட்டை ஓட்டுநரின் கால் பெரும்பாலும் உணர்வதில்லை. உராய்வுப் பொருளின் தடிமன் 10 மில்லிமீட்டரிலிருந்து 3 மில்லிமீட்டராகக் குறைந்துவிட்ட பிறகும் பெடல் பழைய உயரத்திலேயே இருக்கும். காரும் பழையபடியே நிற்கும். பேடு தேயத் தேய உண்டாகும் இடைவெளியைத் தானே ஈடுகட்டிக்கொள்ளும்படி, சக்கரத்துடன் சுழலும் வட்டத்தட்டை (டிஸ்க்) இருபுறமும் பேடுகளால் இறுக்கிப் பிடிக்கும் டிஸ்க் பிரேக் வடிவமைக்கப்பட்டிருப்பதே இதற்குக் காரணம். பின்சக்கர பேடுகளை மாற்றுவது என்பது, பல ஆயிரம் கிலோமீட்டர் ஓட்டத்தில் பிரேக் சிறிது சிறிதாகச் செய்துகொண்ட இந்த ஈடுகட்டலைப் பின்னோக்கித் திருப்பும் வேலைதான். இதை அறிந்தவருக்கு ஒவ்வொரு படியும் ஏன் அவ்வாறு செய்யப்படுகிறது என்பது விளங்கிவிடும். அறியாமல் கருவியை எடுப்பவர் பேடுகளை டிஸ்கின்மேல் அழுத்தும் பகுதியான காலிப்பரை, அது நல்ல நிலையில் இருந்தும், பாழாக்கிவிட நேரும்.

பிரேக்கின் பணி, காரின் இயக்க ஆற்றலை வெப்பமாக மாற்றுவது. 1200 கிலோ எடையுள்ள கார் மணிக்கு 72 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும்போது அதனிடம் சுமார் 2,40,000 ஜூல் ஆற்றல் இருக்கிறது. ஏறத்தாழ 700 மில்லிலிட்டர் தண்ணீரை அறை வெப்பநிலையிலிருந்து கொதிநிலைக்குக் கொண்டுசெல்ல இது போதும். வேகம் பாதியானால் ஆற்றல் கால் பங்காகிவிடும், இரட்டிப்பானால் நான்கு மடங்காகும். கார் நிற்பதற்குள் இந்த வெப்பத்தின் பெரும்பகுதியை நான்கு சக்கரங்களின் டிஸ்குகளும் பேடுகளும் ஏற்க வேண்டும்.

அவை சமமாக ஏற்பதில்லை. பிரேக் அழுத்தும்போது காரின் சுமை முன்பக்கம் சாய்கிறது. ஈர்ப்பு முடுக்கத்தில் பத்தில் ஏழு பங்கு அளவுக்கு வேகம் குறைக்கப்படும்போது, எடைமையம் தரையிலிருந்து 55 சென்டிமீட்டர் உயரத்திலும், முன்பின் அச்சுகளுக்கு இடைப்பட்ட தொலைவு 250 சென்டிமீட்டராகவும் இருந்தால், மொத்த எடையில் சுமார் 15 விழுக்காடு பின்சக்கரங்களிலிருந்து முன்சக்கரங்களுக்கு இடம் மாறும். நிற்கும்போது 40 விழுக்காடு சுமையைத் தாங்கிய பின்சக்கரங்கள் அப்போது 25 விழுக்காட்டை மட்டுமே தாங்கும். அவற்றை மிகையாகப் பிடித்தால் அவை உருள்வதை நிறுத்திச் சறுக்கும், காரின் பின்பகுதி பக்கவாட்டில் திரும்பிவிடும். ஆகவேதான் பின்சக்கர பிரேக்குகள் சிறியனவாகவும், அவற்றின் பேடுகள் புதிதாக இருக்கும்போதே மெல்லியனவாகவும் அமைக்கப்படுகின்றன.

குறைவாக உழைக்கும் பின்பேடுகள் சில கார்களில் முன்பேடுகளுக்கு முன்பே தேய்ந்துவிடுவது பலருக்கு வியப்பளிக்கும். மென்மையாக பிரேக் அழுத்தும்போது பின்சக்கரங்களுக்குக் கூடுதல் பங்கு தரும் மின்னணுப் பங்கீட்டு முறையும், வழுக்கும் சாலையில் ஓட்டுநர் அறியாமலேயே தனித்தனிச் சக்கரத்தைப் பிடித்துவிடும் நிலைத்தன்மைக் கட்டுப்பாடும் இதற்குக் காரணங்கள். முன்சக்கரங்கள் வாரி இறைக்கும் சேறும் நீரும் பின்பக்கக் காலிப்பரில் படிந்து அதன் அசைவைக் கெடுப்பதும் உண்டு. தொடக்கத்திலேயே மெல்லியதாக இருந்த பேடுக்கு இழப்பதற்கும் அதிகம் இருப்பதில்லை.

இனி ஈடுகட்டலின் உள்ளே செல்வோம். பெடலை 200 நியூட்டன் விசையுடன் மிதித்தால், பெடலின் நெம்புகோல் அமைப்பு அதை நான்கு மடங்காக்குகிறது என்றும், வெற்றிட பூஸ்டர் மீண்டும் நான்கு மடங்காக்குகிறது என்றும் கொள்வோம். மிதிக்கும் விசையைத் திரவ அழுத்தமாக மாற்றும், 20 மில்லிமீட்டர் விட்டமுள்ள மாஸ்டர் சிலிண்டரில் இந்த 3200 நியூட்டன் விசை, வளிமண்டல அழுத்தத்தைப்போல் சுமார் நூறு மடங்கு அழுத்தத்தை உண்டாக்கும். மூடிய திரவத்தில் அழுத்தம் எல்லாத் திசைகளிலும் குறையாமல் பரவும் என்று 17-ஆம் நூற்றாண்டில் பாஸ்கல் கண்ட விதியின்படி, அது குழாய்களின் வழியே காலிப்பரை அடைந்து, 34 மில்லிமீட்டர் விட்டமுள்ள பிஸ்டனை ஏறத்தாழ 9000 நியூட்டன் விசையுடன் தள்ளும். பெரும்பாலான கார்களில் பிஸ்டன் ஒரு பக்கத்தில் மட்டுமே இருக்கிறது. அது உட்புறப் பேடை டிஸ்கின்மேல் அழுத்தும்போது எழும் எதிர்விசை, வழிகாட்டி ஊசிகளின்மேல் நழுவக்கூடிய காலிப்பரை எதிர்த்திசையில் இழுத்து, வெளிப்புறப் பேடையும் அதே விசையுடன் அழுத்துகிறது. இந்த ஊசிகள் துருவேறி இறுகினால் இரண்டு பேடுகளும் சமமாகத் தேய்வது நின்றுவிடும். சக்கரத்தின் இடைவெளி வழியே எட்டிப் பார்த்து வெளிப்புறப் பேடு நன்றாக இருக்கிறதென்று நிறைவடைவது இதனால்தான் ஆபத்தானது. உட்புறப் பேடையும் பார்த்தாக வேண்டும்.

காலை எடுத்ததும் பிஸ்டனைப் பின்னுக்கு இழுக்க அதற்கென ஒரு சுருள்வில் இருக்கும் என்று தோன்றும். பெரும்பாலான காலிப்பர்களில் அப்படி ஒன்றும் இல்லை. பிஸ்டனைச் சுற்றி இருக்கும் சதுர வெட்டுமுகமுள்ள ரப்பர் வளையமே அந்த வேலையைச் செய்கிறது. பிஸ்டன் வெளியே வரும்போது வளையம் அதனுடன் ஒட்டியபடி சற்று வளைகிறது. அழுத்தம் நீங்கியதும் தன் பழைய வடிவத்துக்குத் திரும்பும்போது பிஸ்டனை ஒரு மில்லிமீட்டரின் சிறு பின்ன அளவுக்கு உள்ளே இழுத்துவிடுகிறது. பேடு தேய்ந்து, பிஸ்டன் செல்ல வேண்டிய தொலைவு வளையத்தின் வளையும் எல்லையைத் தாண்டிவிட்டால், பிஸ்டன் வளையத்துக்குள் வழுக்கி முன்னேறிப் புதிய இடத்தில் நிலைகொள்ளும். கசிவைத் தடுப்பது, பிஸ்டனைத் திரும்ப இழுப்பது, தேய்மானத்தைச் சரிக்கட்டுவது ஆகிய மூன்று பணிகளையும் ஒரே ரப்பர் வளையம் செய்கிறது என்பதைப் பொறியியலின் மிக அழகான தீர்வுகளில் ஒன்றாக நான் மதிக்கிறேன்.

முன்னேறிய பிஸ்டனுக்குப் பின்னால் உண்டான இடத்தைத் திரவம் நிரப்பியாக வேண்டும். மேலே சொன்ன பிஸ்டனை வைத்துக் கணக்கிட்டால், ஒவ்வொரு பேடும் 6 மில்லிமீட்டர் தேய்ந்திருக்கும்போது பிஸ்டன் 12 மில்லிமீட்டர் முன்னேறியிருக்கும். ஒரு சக்கரத்துக்கு ஏறத்தாழ 11 மில்லிலிட்டர், இரண்டு பின்சக்கரங்களுக்கும் சேர்த்து 22 மில்லிலிட்டர் திரவம் பிரேக் திரவத் தொட்டியிலிருந்து இறங்கியிருக்கும். பெடல் மறைத்த தேய்மானத்தைத் தொட்டியின் மட்டம் காட்டிக்கொடுக்கிறது. மட்டம் குறைந்திருக்கிறதே என்று இடையில் யாராவது திரவம் ஊற்றி நிரப்பியிருந்தால், பேடு மாற்றும்போது பிஸ்டனை உள்ளே தள்ளியதும் அந்த 22 மில்லிலிட்டர் பொங்கி வழியும். கிளைக்கால் (glycol) என்ற வேதிப்பொருள் வகையைச் சேர்ந்த பிரேக் திரவம் காரின் பெயின்டைக் கரைக்கும். ஆகவே வேலையைத் தொடங்கும் முன் தொட்டியைத் திறந்து பார்த்து, தேவைப்பட்டால் சிறிது உறிஞ்சி எடுத்துவிட வேண்டும்.

இதுவரை சொன்னது முன்சக்கரத்துக்கும் பொருந்தும். பின்சக்கரத்தைத் தனித்துக் காட்டுவது கைப்பிரேக். பல கார்களில் பின்பக்கக் காலிப்பரே கைப்பிரேக்காகவும் செயல்படுகிறது. கம்பிவடம் இழுக்கும் நெம்புகோல், பிஸ்டனுக்குள் இருக்கும் ஒரு திருகுத்தண்டைத் தள்ளுகிறது. தண்டின் மேலுள்ள மரை (நட்டு) பிஸ்டனைத் தள்ளுகிறது. பேடு தேய்ந்து பிஸ்டன் முன்னேறும்போது மரையும் தண்டின்மேல் சுழன்று பின்தொடர்ந்தால்தான் கைப்பிரேக்கை இழுக்கும் நீளம் மாறாமல் இருக்கும். எனவே மரை வெளிப்பக்கம் தடையின்றிச் சுழல்கிறது. ஆனால் நேர்கோட்டில் அழுத்தும்போது அது சிறிதும் சுழலாமல் பூட்டிக்கொள்ள வேண்டும்; இல்லையெனில் கைப்பிரேக்கின் விசை பேடைச் சென்றடையாது. தேய்ந்த பேடை எடுத்துவிட்டு, முன்சக்கரத்தில் செய்வதுபோல், திருகி இறுக்கும் கருவியான சி-கிளாம்பை வைத்துப் பிஸ்டனை நேராக அழுத்துபவர், பூட்டிக்கொள்வதற்கென்றே செய்யப்பட்ட ஒரு பொறியமைப்புடன் மல்லுக்கட்டுகிறார். பிஸ்டன் உள்ளே போகாது. விடாமல் கிளாம்பை முறுக்கினால் உள்ளமைப்பு உடையும். பிஸ்டனின் முகத்தில் உள்ள பள்ளங்களில் பொருந்தும் கருவியால், மெதுவாக அழுத்திக்கொண்டே சுழற்றுவதுதான் வழி. பெரும்பாலும் வலஞ்சுழியாகச் சுழற்ற வேண்டும். சில கார்களில் ஒரு பக்கம் இடஞ்சுழியாக இருக்கும். அந்தக் காருக்குரிய கையேட்டைப் பார்க்காமல் முடிவுசெய்யக் கூடாது.

அந்தப் பள்ளங்களுக்கு இன்னொரு பயனும் உண்டு. இத்தகைய பல காலிப்பர்களில் உட்புறப் பேடின் முதுகில் ஒரு சிறு குமிழ் இருக்கும். அது பள்ளத்தில் அமர்ந்து பிஸ்டன் தானாகச் சுழலாதபடி பிடித்துக்கொள்ளும். பிஸ்டன் சுழன்றுவிட்டால் மரை பின்தொடரும் கணக்கு கெட்டுவிடும். புதிய பேடைப் பொருத்தும்போது குமிழும் பள்ளமும் நேர்ப்படாவிட்டால், பேடு சாய்ந்து நின்று ஒருபக்கமாகத் தேயும்.

மின்சாரக் கைப்பிரேக் உள்ள கார்களில் திருகுத்தண்டை ஒரு மோட்டார் சுழற்றுகிறது. முதலில் காரின் பராமரிப்பு நிலையை இயக்கித் தண்டைப் பின்வாங்கச் செய்ய வேண்டும். அதன்பின் பிஸ்டனுக்குப் பின்னால் திரவம் மட்டுமே இருப்பதால் அதை நேராகத் தள்ளலாம். காலிப்பர் கழன்றிருக்கும் நிலையில் கைப்பிரேக் பொத்தானை யாரும் தொடாதபடி பார்த்துக்கொள்வது மிக முக்கியம், ஏனெனில் அந்த மோட்டாரின் விசை விரலை நசுக்கிவிடக்கூடியது. வேறு சில கார்களில் டிஸ்கின் நடுக்குழிவுக்குள் கைப்பிரேக்குக்கென்று தனியாக ஒரு சிறு டிரம் இருக்கும். அங்கும் பிஸ்டன் நேராகவே உள்ளே செல்லும்.

கைப்பிரேக்கை விடுவித்தால்தான் பின்பக்கக் காலிப்பர் கழலும். அதாவது, வண்டியை நகராமல் பிடித்து வைத்திருக்கும் பொருளையே முதலில் கைவிட வேண்டியிருக்கிறது. அதனால் சமதளமான, இறுகிய தரையில் நிறுத்தி, முன்சக்கரங்களுக்கு இருபுறமும் கட்டை வைத்து, கியரில் போட்டு, வீல் நட்டுகளைச் சக்கரம் தரையில் இருக்கும்போதே சற்றுத் தளர்த்தி, ஜாக்கியால் தூக்கிய பிறகு காரின் எடையைக் கட்டாயமாக ஸ்டாண்டின்மேல் இறக்க வேண்டும். ஜாக்கி தூக்குவதற்கான கருவி, தாங்குவதற்கானது அன்று. ஸ்டாண்டு இல்லையென்றால் இந்த வேலையைத் தொடங்கவே கூடாது.

காலிப்பரைக் கழற்றியதும் அதை ரப்பர் குழாயில் தொங்கவிடாமல் கம்பியால் கட்டி வைக்க வேண்டும். குழாயின் உட்சுவர் கிழிந்தால் வெளியே தெரியாது. பிரேக் தூளைக் காற்றடித்துப் பறக்கவிடுவதும் தவறு. 20-ஆம் நூற்றாண்டின் பெரும்பகுதியில் உராய்வுப் பொருளில் கல்நார் கலக்கப்பட்டது, அதன் இழைகள் நுரையீரலைக் கெடுத்தன. இன்று பல நாடுகளில் அது தடைசெய்யப்பட்டிருந்தாலும், இப்போதைய பேடுகளின் தூளில் உள்ள உலோகத் துகள்களும் மூச்சில் செல்லத் தக்கவை அல்ல. முகக்கவசம் அணிந்து, பிரேக் கிளீனரால் நனைத்துத் துடைப்பதே முறை.

டிஸ்கின் தடிமனையும் அளக்க வேண்டும். இருக்க வேண்டிய குறைந்தபட்ச அளவு பெரும்பாலும் அதன் விளிம்பிலேயே பொறிக்கப்பட்டிருக்கும். வழிகாட்டி ஊசிகளை வெளியே எடுத்துத் துடைத்து, சிலிக்கோன் வகைக் கிரீஸ் தடவ வேண்டும். கனிம எண்ணெயில் செய்த சாதாரணக் கிரீஸ் அங்குள்ள ரப்பரை வீங்கச் செய்து ஊசியை மேலும் இறுக்கும். பேடின் உராயும் முகத்திலும் டிஸ்கிலும் கிரீஸ் துளியும் படக் கூடாது. ஒரு பக்கப் பேடு மட்டும் தேய்ந்திருந்தாலும் அதே அச்சின் இரு சக்கரங்களுக்கும் சேர்த்தே மாற்ற வேண்டும். இல்லாவிட்டால் இடமும் வலமும் வெவ்வேறு விசையுடன் பிடிக்கும். போல்ட்டுகளையும் வீல் நட்டுகளையும் கையேட்டில் சொன்ன அளவுக்கு டார்க் ரெஞ்சால் (இறுக்கத்தை அளந்து முடுக்கும் கருவியால்) இறுக்க வேண்டும்.

இதன்பின் காரை நகர்த்தும் முன் பெடலை மிதிக்க வேண்டும். பிஸ்டன் இப்போது முழுவதும் உள்ளே இருக்கிறது. பேடுக்கும் அதற்கும் இடையே இடைவெளி இருக்கிறது. முதல் மிதியில் பெடல் எதிர்ப்பின்றித் தரையை நோக்கிப் போகும், அந்த நிலையில் வண்டி உருண்டால் அதை நிறுத்த ஒன்றுமில்லை. பெடலைப் பாதியளவு மட்டும், பலமுறை மெதுவாக மிதித்தால், பிஸ்டன் படிப்படியாக முன்னேறிப் பேடைத் தொடும். ரப்பர் வளையம் புதிய இடத்தில் தன் பணியைத் தொடங்கும். ஒரேயடியாக அடிவரை மிதிப்பது, பழைய மாஸ்டர் சிலிண்டரின் துருவேறிய பகுதியில் அதன் சீல்களை உரசவைக்கும். பெடல் உறுதியான பிறகே கைப்பிரேக்கைச் சிலமுறை இழுத்து விட்டுப் பார்க்க வேண்டும். பலமுறை மிதித்தும் பெடல் மெத்தென்று அமுங்கினால் குழாயில் காற்று இருக்கிறது என்று பொருள். காற்றை வெளியேற்றாமல் காரை எடுக்கக் கூடாது.

புதிய பேடு முழுத் திறனை அடையச் சற்றுக் காலம் பிடிக்கும். உராய்வு என்பது சுரண்டுவது மட்டும் அன்று. பேடின் பொருள் மெல்லிய படலமாக டிஸ்கில் படிந்து, படலமும் பேடும் ஒட்டிப் பிரிவதாலும் பிடிப்பு உண்டாகிறது. ஆளற்ற சாலையில் மணிக்கு 50 கிலோமீட்டரிலிருந்து 10 கிலோமீட்டருக்கு எட்டுப் பத்து முறை மிதமாக வேகத்தைக் குறைத்து, இடையிடையே ஆறவிட்டால் இந்தப் படலம் சீராகப் படியும். சூடான நிலையில் முற்றிலும் நிறுத்திப் பெடலை அழுத்திக்கொண்டிருந்தால் ஒரே இடத்தில் தடித்த படிவு உண்டாகி, பின்னர் நடுக்கமாக வெளிப்படும். பின்பேடுகள் குறைவாக உழைப்பதால் அவை பதமாக முன்பேடுகளைவிட அதிக நாள் ஆகும். பதப்படுத்தி முடித்தவுடன் காரை நிறுத்தும்போது, டிஸ்க் ஆறும்வரை கைப்பிரேக்கை இழுக்காமல் கியரில் போட்டு, சக்கரத்துக்குக் கட்டை வைத்து நிறுத்துவது நல்லது.