சராசரி விலைக்கு யாரும் வண்டி விற்பதில்லை

போன மாதம் துறைமுக யார்டில் ஒரு பழைய எக்ஸ்கவேட்டரை, அதாவது மண் தோண்டும் இருபது டன் செயின் வண்டியைச் சோதிக்கக் கூப்பிட்டிருந்தார்கள். வண்டி எத்தனை மணி நேரம் ஓடியது என்று சொல்லும் ஹவர் மீட்டர் 3,840 காட்டியது. இருக்கைக்குப் புது உறை, வெளியே புதுப் பெயின்ட். ஆனால் டிராவல் பெடலின் ரப்பர் முழுக்கத் தேய்ந்து, அடியில் இருந்த இரும்பு கால் பட்டுப் பட்டுப் பளபளத்துக்கொண்டிருந்தது. செயினை இழுக்கும் ஸ்ப்ராக்கெட் சக்கரத்தின் பற்கள் கூராகிவிட்டன. பக்கெட்டைத் தாங்கும் பெரிய கையான பூமின் அடிப்பக்கம் நகத்தால் சுரண்டினால் பெயின்ட் பொடியாக உதிர்கிறது. உள்ளே ஒரு முழ நீளத்துக்கு வெல்டிங். நாலாயிரம் மணி நேரம்கூட ஓடாத வண்டியில் இதெல்லாம் ஒன்றாக இருக்க வாய்ப்பே இல்லை. எதைப் பார்த்து வாங்கினீர்கள் என்று கேட்டேன். வாங்கியவர் போனை எடுத்து ஒரு கிராஃபைக் காட்டினார். எக்ஸ்கவேட்டர் இறக்குமதியின் சராசரி விலை, மாதவாரியாக. கோடு கீழே இறங்கிக்கொண்டே போகிறது.

"விலை இறங்கிட்டே இருக்கு சார். அதனாலதான் இந்த ரேட்டுக்குத் தர்றாங்கன்னு நம்பிட்டேன்."

இந்த வருஷத்தில் அதே மாதிரி கிராஃபை என்னிடம் காட்டிய நாலாவது ஆள் இவர். பழைய கனரக வண்டிகளைச் சோதித்துச் சொல்வதும், வண்டி வீட்டு வாசலுக்கு வந்துசேர மொத்தம் எவ்வளவு ஆகும் என்று கணக்குப் போட்டுக் கொடுப்பதும்தான் என் தொழில். அந்தக் கிராஃப் எதைச் சொல்கிறது, எதைச் சொல்லவில்லை என்று இனிமேல் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக விளக்குவதைவிட ஒரேயடியாக எழுதிவிடலாம் என்று தோன்றியது.

இறக்குமதிப் புள்ளிவிவரத்தில் வரும் "சராசரி விலை" எங்கிருந்து வருகிறது? சுங்கத் துறைக்கு வந்த மொத்த மதிப்பை எண்ணிக்கையால் வகுக்கிறார்கள், அவ்வளவுதான். எந்த வண்டிகளை ஒன்றாகப் போட்டு வகுத்தார்கள் என்பதில்தான் எல்லாச் சிக்கலும். உலகம் முழுக்கச் சுங்கத்தில் பயன்படும் எச்.எஸ். குறியீட்டில் 8429 என்ற தலைப்புக்குள் புல்டோசர், கிரேடர், ஸ்கிரேப்பர், ரோடு ரோலர், லோடர், எக்ஸ்கவேட்டர் எல்லாம் வந்துவிடும். அதை இன்னும் பிரித்து 8429.52 வரை போனாலும், மேல்பாகம் 360 பாகை சுழலும் வண்டிகள் என்றுதான் இருக்கிறது. தோட்டத்தில் குழி தோண்டும் ஒரு டன் மினியும் அதில்தான், சுரங்கத்தில் வேலை செய்யும் நூறு டன் வண்டியும் அதில்தான். புதுசா பழசா என்ற கேள்வியே அந்த ஆறு இலக்கத்தில் கிடையாது. சில நாடுகள் தங்கள் குறியீட்டில் கூடுதல் இலக்கம் சேர்த்துப் பழசைத் தனியாகக் கணக்கெடுக்கின்றன. ஆனால் நாடுகளை ஒப்பிட்டு வரையும் கிராஃப்கள் பெரும்பாலும் ஆறு இலக்கத்தோடு நின்றுவிடும்.

ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பாருங்கள். பேப்பரும் பேனாவும் எடுத்துக்கொண்டு நீங்களே போடுங்கள், அப்போதுதான் மனசில் நிற்கும். ஒரு மாதத்தில் தலா ஒரு லட்சம் டாலர் மதிப்புள்ள இருபது டன் வண்டிகள் பத்து வருகின்றன. பத்தாயிரம் டாலர் மினிகளும் பத்து வருகின்றன. மொத்தம் பதினோரு லட்சம் டாலர், இருபது வண்டி, சராசரி 55,000. அடுத்த மாதம் பெரிய வண்டி அதே பத்து, அதே விலை. மினி மட்டும் நாற்பது வருகின்றன. மொத்தம் பதினாலு லட்சம், ஐம்பது வண்டி, சராசரி 28,000. கிராஃபில் விலை பாதியாக விழுந்த மாதிரி இருக்கும். உண்மையில் எந்த வண்டியின் விலையும் ஒரு டாலர்கூடக் குறையவில்லை. மினி அதிகமாக வந்தது என்பது மட்டும்தான் அங்கே நடந்தது. நீங்கள் வாங்கப் போவதோ இருபது டன் வண்டி.

இதையே திருப்பிப் போட்டும் ஏமாறுகிறவர்கள் உண்டு. ஏதோ ஒரு மாதம் ஒரு பெரிய சுரங்கத்துக்கு நாலைந்து பிரம்மாண்ட வண்டிகள் வந்திறங்கும். சராசரி ஜிவ்வென்று ஏறும். உடனே "விலை ஏறப் போகிறது, இப்பவே முடித்துவிடுங்கள்" என்று விற்பவர் போன் போடுவார். பதறிப்போய் அட்வான்ஸ் அனுப்புவார்கள். சரி, எண்ணிக்கைக்குப் பதிலாக எடையால் வகுத்தால் சரியாகுமா என்று விவரம் தெரிந்த சிலர் கேட்பார்கள். ஒரு கிலோவுக்கு எவ்வளவு என்று பார்ப்பது கொஞ்சம் பரவாயில்லை, ஒத்துக்கொள்கிறேன். அதிலும் புதுசும் பழசும் கலந்தே கிடக்கும். ஒருவர் பாறை உடைக்கும் பிரேக்கர், கூடுதல் பக்கெட் எல்லாம் சேர்த்து ஒரே விலை எழுதியிருப்பார். இன்னொருவர் அதையெல்லாம் 8431 என்ற பாகங்கள் தலைப்பில் தனியாகக் காட்டியிருப்பார். இதெல்லாம் போக, பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் இரண்டு எண்களில் ஒன்று ஏற்றுமதிக் கணக்காக இருக்கும். பொதுவாக ஏற்றுமதியைக் கப்பலில் ஏற்றும் வரைக்குமான எப்.ஓ.பி. மதிப்பிலும், இறக்குமதியைக் கப்பல் கட்டணமும் காப்பீடும் சேர்த்த சி.ஐ.எப். மதிப்பிலும் பதிவு செய்வார்கள். அந்த வித்தியாசத்தைப் பார்த்துவிட்டு, இடையில் யாரோ கொள்ளை லாபம் அடிக்கிறார்கள் என்று ஒருவர் என்னிடம் வாதாடினார்.

அப்படியென்றால் வர்த்தகப் போக்கைப் பார்க்கவே வேண்டாமா? கண்டிப்பாகப் பார்க்க வேண்டும். விலை ஏன் நகர்கிறது என்று புரிந்துகொள்ள அது உதவும். சீனாவை எடுத்துக்கொள்ளுங்கள். 2021ல் அங்குள்ள தயாரிப்பாளர்கள் மூன்று லட்சத்து நாற்பதாயிரத்துக்கும் மேல் எக்ஸ்கவேட்டர் விற்றார்கள். அதில் ஐந்தில் நாலு பங்கு உள்நாட்டிலேயே போனது. அப்புறம் அங்கே கட்டுமானம் படுத்தது. 2023ல் மொத்த விற்பனை இரண்டு லட்சத்துக்கும் கீழே வந்தது. அதில் பாதிக்கு மேல் ஏற்றுமதி. உள்ளூரில் விற்காத வண்டி வெளியே வருகிறது, அதனால் புது வண்டியில் பேரம் பேச இடம் கிடைத்தது. இது நிஜமான போக்கு.

ஜப்பான் பழைய வண்டிகள் வேறு கதை. 2021 தொடக்கத்தில் ஒரு டாலருக்கு சுமார் 104 யென். 2024 நடுவில் 160ஐத் தாண்டியது. ஒரு கோடி யென் விலையுள்ள வண்டி, யென்னில் ஒரு பைசா மாறாமல் இருந்தாலும், டாலர் கணக்கில் 96,000லிருந்து 62,500க்கு வந்துவிடும். கிராஃபில் இது "விலைச் சரிவு" என்று தெரியும். உங்கள் நாட்டு நாணயமும் டாலருக்கு எதிராக அதே காலத்தில் இறங்கியிருந்தால் அந்தச் சரிவில் உங்களுக்கு வந்து சேர்வது கொஞ்சம்தான்.

வரிகளும் வண்டிகளைத் திசை திருப்பும். ஆளை உயரே தூக்கும் சீன மேடை வண்டிகளுக்கு ஐரோப்பிய ஒன்றியம் 2025 ஜனவரியில் இறுதிக் குவிப்புத் தடுப்பு வரி போட்டது, அதாவது அடிமாட்டு விலைக்குக் கொண்டுவந்து குவிப்பதைத் தடுக்கும் வரி. அதே ஆண்டு ஆகஸ்டில் அமெரிக்கா தன் எஃகு வரியை புல்டோசர், கிரேன் மாதிரியான வண்டிகளுக்குள் இருக்கும் எஃகுக்கும் நீட்டியது. ஒரு சந்தையின் கதவு இறுகினால் சரக்கு வேறு சந்தையைத் தேடும். அந்த நேரத்தில் வரும் மலிவு விலைக்கு ஒரு காரணம் இருக்கிறது என்று நம்பலாம். காரணமே சொல்லத் தெரியாத மலிவு விலையைத்தான் நம்பக் கூடாது.

இனி செலவுக்கு வருகிறேன். விற்பவர் சொல்லும் விலை உங்கள் விலை இல்லை. கப்பல் கட்டணத்தையே பாருங்கள். இருபது டன் வண்டிதானே, இருபது டன்னுக்குத்தானே கட்டணம் என்று நினைக்கிறார்கள். எடை, கன அளவு இரண்டில் எது அதிகமோ அதற்குத்தான் கட்டணம். ஒன்பதரை மீட்டர் நீளம், 2.8 மீட்டர் அகலம், மூன்று மீட்டர் உயரம் என்றால் ஏறக்குறைய எண்பது கன மீட்டர். அதாவது இருபதுக்கு இல்லை, எண்பதுக்குக் கட்ட வேண்டும். 2023 நவம்பரில் செங்கடலில் தாக்குதல்கள் தொடங்கிய பிறகு பல கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு போக ஆரம்பித்தன. பயணத்தில் பத்து நாள் கூடினால் கட்டணமும் கூடும். போன வருஷத்து ரேட்டை வைத்து இந்த வருஷம் கணக்குப் போடாதீர்கள், தயவுசெய்து.

சி.ஐ.எப். என்றால் காப்பீடு இருக்கிறதே என்று நிம்மதியாக இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. விற்பவர், வாங்குபவர் பொறுப்புகளைப் பிரிக்கும் சர்வதேச இன்கோடெர்ம்ஸ் 2020 விதிப்படி சி.ஐ.எப்.பில் விற்பவர் எடுக்க வேண்டியது மிகக் குறைந்த காப்பீடு மட்டும், சி வகை. கப்பல் மூழ்கினாலோ தீப்பிடித்தாலோ பணம் வரும். வழியில் பேட்டரியும், வண்டியின் கணினியான கன்ட்ரோலரும் திருடு போனால் வராது. வண்டி கப்பலில் ஏறியதுமே பொறுப்பு உங்கள் தலைக்கு மாறிவிடுகிறது என்பதும் பலருக்குத் தெரிவதில்லை. கொஞ்சம் கூடுதல் பணம் கட்டி, விரிவான காப்பீடான ஏ வகை கேளுங்கள். பழைய வண்டிக்கு அதிலும் என்னென்ன விலக்கு வைத்திருக்கிறார்கள் என்று படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

எல்.சி. (ஆவணங்கள் வந்தால் பணம் தருவதாக வங்கி கொடுக்கும் உறுதிக் கடிதம்) திறந்தாச்சு, வங்கி பார்த்துக்கொள்ளும் என்பது இன்னொரு நம்பிக்கை. வங்கி பார்ப்பது காகிதத்தை. எல்.சி.க்கான சர்வதேச விதிகளான யு.சி.பி. 600இன் ஐந்தாவது பிரிவே அதைத்தான் சொல்கிறது. காகிதம் சரியாக இருந்தால், பெட்டிக்குள் இரும்புக் குப்பை வந்தாலும் பணம் போய்விடும். அதனால் எல்.சி.யிலேயே, நீங்கள் நியமித்த சோதனையாளரின் சான்றிதழும் சேர்ந்து வந்தால்தான் பணம் என்று ஒரு வரி போடச் சொல்லுங்கள். அந்த ஒரு வரிக்காக விற்பவர் முறைத்துக்கொண்டால், அவரைப் பற்றி உங்களுக்கு இலவசமாக ஒரு தகவல் கிடைத்துவிட்டது.

அப்புறம் மண். செயினுக்குள் ஒட்டியிருக்கும் மண்ணை யாரும் செலவுக் கணக்கில் சேர்ப்பதில்லை. பழைய வண்டிகளோடு பூச்சியும் விதையும் நாடு தாண்டக் கூடாது என்பதற்காக ஐ.எஸ்.பி.எம். 41 என்று ஒரு சர்வதேச விதியே 2017ல் வந்திருக்கிறது. ஆஸ்திரேலியா மாதிரியான நாடுகளில் மண்ணோடு வந்த வண்டியை அங்கேயே கழுவ வைப்பார்கள், முடியாவிட்டால் திருப்பி அனுப்பச் சொல்வார்கள். அந்த நாட்களுக்கெல்லாம் டெமரேஜ், அதாவது தாமதக் கட்டணம், ஓடிக்கொண்டிருக்கும். ஏற்றுகிற இடத்திலேயே ரோலருக்கு நடுவில், கீழ்த்தகட்டுக்குள் எல்லாம் தண்ணீர் அடித்துக் கழுவி, போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள்.

எஞ்சினில் இன்னொரு பொறி இருக்கிறது. ஐரோப்பாவின் ஸ்டேஜ் 5, அமெரிக்காவின் டியர் 4 ஃபைனல் என்ற புகை விதிகளுக்கு ஏற்ற எஞ்சின்கள் மிகக் குறைந்த கந்தகம் உள்ள டீசலுக்காகச் செய்தவை. அமெரிக்காவில் அதற்கான வரம்பு பத்து லட்சத்தில் 15 பங்கு, ஐரோப்பாவில் 10. உங்கள் பகுதியில் கிடைக்கும் டீசலில் கந்தகம் பல மடங்கு இருந்தால் புகைவடிகட்டி அடைத்துக்கொண்டு வண்டி மூச்சு முட்டும். விலை மலிவாக, நன்றாக ஓடிய வண்டியாக இருந்தும் நாலே மாதத்தில் நின்றுபோனதை நான் பார்த்திருக்கிறேன். எதிர்ப்பக்கமும் உண்டு. உங்கள் நாட்டின் புகை விதிக்குப் பொருந்தாத பழைய எஞ்சின் வண்டியை வாங்கிவிட்டால் சுங்கத்தைத் தாண்டாது. வண்டி பிடிப்பதற்கு முன்னால் எஞ்சின் தகட்டில் இருக்கும் எண்ணைப் படியுங்கள்.

செயின் வண்டியில் பராமரிப்புச் செலவில் பாதி வரைக்கும் அடிப்பாகமே தின்றுவிடும். லிங்க், புஷ், ரோலர், ஐட்லர், ஸ்ப்ராக்கெட் எல்லாம் தேய்ந்த வண்டி பத்து சதவீதம் மலிவு என்றால் அது மலிவே இல்லை. தேய்மானத்தை அளந்து சதவீதத்தில் எழுதித் தரச் சொல்லுங்கள். "கண்டிஷன் குட்" என்ற இரண்டு வார்த்தைக்கு எந்த மதிப்பும் கிடையாது. காலையில் எஞ்சின் குளிர்ந்திருக்கும்போது முதல் ஸ்டார்ட், புகையின் நிறம், ஆயில் மூடியைத் திறந்தால் வரும் காற்று, மேல்பாகம் சுழன்று நிற்கும்போது ஆட்டம், இதெல்லாம் வெட்டு ஒட்டு இல்லாத ஒரே வீடியோவில் வர வேண்டும். வீடியோ வரிசை எண் தகட்டில் தொடங்க வேண்டும். அந்த எண்ணும், சட்டத்தில் அடித்த எண்ணும், கன்ட்ரோலருக்குள் இருக்கும் எண்ணும் ஒன்றாக இருக்க வேண்டும். ஹவர் மீட்டரை மாற்ற ஒரு ஸ்க்ரூடிரைவர் போதும். கன்ட்ரோலரில் பதிவான மணி நேரத்தை மாற்றுவது அவ்வளவு சுலபம் இல்லை, அதனால் அதைக் கேளுங்கள்.

இன்னும் ஒன்று, இதைக் கெஞ்சித்தான் கேட்கிறேன். இன்வாய்ஸில் விலையைக் குறைத்துப் போட்டுக்கொள்ளலாம், வரி மிச்சம் என்று யாராவது சொன்னால் காதிலேயே வாங்காதீர்கள். அறிவித்த விலையில் சந்தேகம் வந்தால் சுங்க அதிகாரி அதை ஏற்காமல் வேறு முறையில் மதிப்புப் போட முடியும். அபராதமும் வழக்கும் உங்கள் பெயரில் வரும், யோசனை சொன்னவர் பெயரில் வராது. போதாக்குறைக்கு, நீங்கள் காப்பீடு கோரும்போதும் அந்தக் குறைந்த விலைதான் உங்களுக்கு எதிராக வந்து நிற்கும். மேலே சொன்ன சராசரிக் கணக்கிலும் இந்தப் பொய் விலைகள் கலந்திருக்கின்றன.

யார்டில் நின்ற அந்த வண்டியின் கன்ட்ரோலரைத் திறந்து பார்த்தோம். பதினோராயிரத்துச் சொச்சம் மணி நேரம். விற்பவரின் போன் இப்போது எடுக்கப்படுவதில்லை. வாங்கியவர் அடிப்பாகம் முழுவதையும் மாற்றி, பூமை முறையாக வெல்டிங் செய்து, அடுத்த வேலைக்கு அனுப்பத் தயாராகிக்கொண்டிருக்கிறார். ஏற்றுவதற்கு முன்னால் ஒரே ஒரு நாள் ஒரு ஆளை அனுப்பிப் பார்க்க ஆகியிருக்கும் செலவு, அவர் மாற்றிய செயினில் ஒரு பக்கத்து விலைகூட வராது. நீங்கள் இன்னும் அட்வான்ஸ் அனுப்பவில்லை என்றால், அந்த ஆளை இந்த வாரமே அனுப்புங்கள்.